துக்கம் என்று எழுதிக் கொடுத்தார்கள்

ஆகஸ்ட் 5, செவ்வாய்

இன்றைக்கும் பள்ளிக்கூடத்தில் கூப்பிட்டார்கள். மெஸ்ஸில் மாவு அரைத்துக்கொண்டிருந்ததைப் பாதியில் விட்டுவிட்டு ஓடினேன். போன தடவை எந்தத் தேதியில் வந்தீர்கள் என்று ஆபீஸில் கேட்டார்கள். தெரியவில்லை. "தேதிகூடவா தெரியாது?" என்று கிளார்க் சிரித்தான். அதனால்தான் இதை எழுதுகிறேன். இனிமேல் கேட்டால் சொல்வேன்.

உரக்கடையில் வருஷா வருஷம் அவருக்கு ஒரு டைரி கொடுப்பார்கள். லோடு அடிக்கிற ஆள் என்று மரியாதை. இந்த வருஷத்து டைரி அவர் போன பிறகு வீடு தேடி வந்தது. ஜனவரியிலிருந்து வெள்ளையாகவே கிடக்கிறது. நான் அஞ்சாவது வரைக்கும் படித்தவள். தப்பு இருந்தால் இருக்கட்டும், யார் பார்க்கப் போகிறார்கள்.

என் பெண் வாணியின் க்ளாஸ் வாத்தியார் சீனுவாசன் சார் அவளுடைய பேப்பரை எடுத்துக் காட்டினார். பேரும் நம்பரும் மட்டும் இருந்தது. கீழே நாலு வரி, அடித்து அடித்து.

"இசைவாணி ஒம்பதாவது அரையாண்டு வரைக்கும் நல்லாதானேம்மா இருந்தா? எழுத்துப் பிழை கொட்டிக் கெடக்கும், ஆனா விஷயம் இருக்கும். இப்ப பத்தாவதுல வந்து வெறும் பேப்பர மடிச்சுக் குடுக்குறா. அப்பா போன துக்கம்தான். கொஞ்சம் டைம் குடுப்போம்."

நானும் மண்டையை ஆட்டிவிட்டு வந்தேன். துக்கம்தானே. வேறு என்ன.

அவர் போனது தை மாதம், பொங்கல் முடிந்து. ஒலக்கூரில் லோடு இறக்கிவிட்டு, குட்டியானை வண்டியை ஓரங்கட்டி, ஸ்டியரிங் மேல் தலை வைத்துப் படுத்தவர்தான். தூங்குகிறார் என்று லோடுமேன்கள் எழுப்பாமல் விட்டுவிட்டார்கள். நல்ல மனசுக்காரர்கள்.

ஆகஸ்ட் 9

மாவு மிஷின் ரிப்பேர். நாள் முழுக்க ஆட்டுக்கல். தோள்பட்டை இல்லை.

ஆகஸ்ட் 17, ஞாயிறு

நாத்தனார் அம்மணி அண்ணி பெருமுக்கல்லில் மல்லாட்டைச் செடி பிடுங்க வரச் சொன்னார்கள். நானும் வாணியும் திண்டிவனம் பஸ் ஸ்டாண்டில் நின்றோம். மரக்காணம் பஸ் வந்தால் பாரு என்று சொல்லிவிட்டுத் தண்ணீர் வாங்கப் போனேன். திரும்பினால் இவள் மயிலம் பஸ்ஸில் ஏறி உட்கார்ந்து, எனக்கு சீட்டில் துண்டு வேறு போட்டிருக்கிறாள்.

"போர்டப் பாத்து ஏற மாட்டியாடி?"

"பாத்துதான் ஏறுனேன்."

"அதுல இன்னா எழுதியிருக்குது?"

துண்டை உருவிக்கொண்டு இறங்கினாள். முகம் சிவந்துபோச்சு. பத்தாவது படிக்கிற பெண்.

"டெய்லி பஸ்ல எப்படிப் போற நீ?"

"கண்டக்டரு கத்துவாரு இல்ல."

கண் சரியில்லையா? கண்ணாடி போடவேண்டுமோ? அதுவும் அழுது அழுது கெட்டுப்போச்சோ?

அண்ணி வீட்டில் பேச்செல்லாம் அவரைப் பற்றித்தான். பெட்டி பூட்டியபடியே இருக்கிறதா என்று கேட்டார்கள். இருக்கிறது. அவர் சட்டை, செருப்பு, கண்ணாடி, போன், எல்லாம் அவர் துண்டிலேயே கட்டி உள்ளே வைத்தது. வருஷம் திரும்பித் திதி கொடுக்கிற வரைக்கும் போனவர்கள் சாமானைத் தொடக் கூடாது. அது அவர்கள் வீட்டு வழக்கம். தொட்டால் அவருக்கும் ஆகாது, தொட்டவர்களுக்கும் ஆகாது. எனக்கும் அது சௌகரியமாகத்தான் இருந்தது. அந்தச் சட்டையை எடுத்தால் நான் தாங்க மாட்டேன்.

ஆகஸ்ட் 28, வியாழன்

கண் டாக்டர் கண் நன்றாக இருக்கிறது என்றார்.

இன்றைக்குப் பள்ளிக்கூடத்துக்கு ஒரு டீச்சர் வந்திருந்தார்கள். ஆரோக்கியசெல்வி. காது கேளாத பிள்ளை, நடக்க முடியாத பிள்ளை இவர்களையெல்லாம் பார்க்கிற ஸ்பெஷல் டீச்சர். ஒரு ஸ்கூட்டி, அதில் முன்னால் ஒரு பை, பின்னால் ஒரு பை. இந்த வட்டாரத்துப் பள்ளிக்கூடம் எல்லாம் அவர்கள் ஒருத்திதான் பார்க்கவேண்டுமாம். பின் பெஞ்சுப் பிள்ளைகளைக் கூப்பிட்டுப் பேசும்போது வாணியைப் பார்த்து என்னைக் கூட்டிவரச் சொல்லியிருக்கிறார்கள்.

எனக்கு முன்னாலேயே ஒரு பத்தியைக் கொடுத்துப் படிக்கச் சொன்னார்கள். என் பிள்ளை அந்த முதல் வரியில் விரலை வைத்தாள். விரல் நகரவே இல்லை. 'கடல்' என்றாள். 'கால்' என்றாள். மறுபடி முதல் எழுத்துக்குப் போனாள். கழுத்தெல்லாம் வேர்வை. எனக்கு வந்த ஆத்திரத்தில் நான் படித்துவிடலாமா என்று இருந்தது. நானே படிப்பேன் அதை!

பிறகு டீச்சர் புத்தகத்தை வாங்கித் தானே ஒரு தடவை படித்துக் காட்டினார்கள். மூடி வைத்துவிட்டுக் கேள்வி கேட்டார்கள். எல்லாவற்றுக்கும் டக் டக்கென்று பதில். கேட்காததற்கும் சேர்த்துச் சொன்னாள்.

"பாத்தீங்களாக்கா? அறிவுல ஒரு கொறையும் இல்ல. காதுல போனா உள்ள நிக்குது. எழுத்தா வந்தா வழி தெரியல. டிஸ்லெக்சியான்னு சொல்வாங்க. தமிழ்ல கற்றல் குறைபாடு. பொறந்ததுலேர்ந்தே இருக்கறது."

"இவ அரையாண்டு வரைக்கும் நல்லா வாங்கினாளே டீச்சர்?"

"அதான்க்கா எனக்கும் புரியல."

வாணி தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

டாக்டர் எழுதிக் கொடுத்தால் பப்ளிக் பரீட்சையில் கேள்வியைப் படித்துக் காட்டி, இவள் சொல்லச் சொல்ல எழுதுவதற்கு ஓர் ஆள் கொடுப்பார்களாம். நேரமும் கூடக் கொடுப்பார்களாம். அந்தக் காகிதம் இல்லாவிட்டால் ஒன்றும் கிடையாது. விழுப்புரத்தில் அடுத்த மாதம் முகாம் இருக்கிறது, விட்டுவிடாதீர்கள் என்றார்கள்.

செப்டம்பர் 11, வியாழன்

விழுப்புரம் முகாம். ஒரு ஹாலில் வைத்திருந்தார்கள். கண்ணுக்கு ஒரு வரிசை, காதுக்கு ஒரு வரிசை, கை காலுக்கு ஒரு வரிசை. இவளுக்கு எந்த வரிசை என்று கேட்டால் யாருக்கும் தெரியவில்லை. "புள்ள நல்லாதானே நடக்குது, எதுக்கு வந்தீங்க?" என்று ஒருத்தர். "மூளை டாக்டர் மத்தியானம் வருவாங்க" என்று இன்னொருத்தர். மூளை டாக்டராம். வாணி அதைக் கேட்டுக்கொண்டு நின்றாள்.

மத்தியானம் தாண்டி ஒரு டாக்டரம்மா வந்தார்கள். நல்ல மாதிரிதான். ஆனால் பின்னால் அவ்வளவு கூட்டம். ஆரோக்கியசெல்வி டீச்சர் வேறு ஒரு பிள்ளையின் சக்கர நாற்காலியைப் பிடித்துக்கொண்டு அந்தப் பக்கம் நின்றிருந்தார்கள். டாக்டரம்மா கேட்டது ஒரே கேள்வி.

"எப்பத்துலேர்ந்தும்மா இப்படி?"

"அவங்கப்பா செத்ததுலேர்ந்து."

வாயில் வந்துவிட்டது. எனக்கு எதைக் கேட்டாலும் அப்படித்தான் வரும். முட்டி வலி எப்போதிலிருந்து, அவர் செத்ததிலிருந்து. கரண்ட் பில் எப்போதிலிருந்து கட்டவில்லை, அவர் செத்ததிலிருந்து. வேறு நாளே எனக்குத் தெரியாது.

டாக்டரம்மா முகம் அப்படியே இளகிப்போச்சு. வாணியின் கையைப் பிடித்து, "அப்பாவ நெனச்சுக்கினே இருக்கியாம்மா?" என்றார்கள். இவள் ஆமாம் என்று அழ ஆரம்பித்துவிட்டாள். எழுதிக் கொடுத்துவிட்டார்கள்.

வெளியே வந்து டீச்சர் அதைப் படித்துவிட்டுத் தலையில் கை வைத்துக்கொண்டார்கள். துக்கத்தால் கவனக் குறைவு, மூன்று மாதம் கழித்துப் பார்க்கவும் என்று இருக்கிறதாம். மூன்று மாதம் கழித்தால் டிசம்பர். பள்ளிக்கூடத்திலிருந்து பேர் அனுப்ப நவம்பர் கடைசிதான் கெடு.

"ஏன்க்கா அப்படி சொன்னீங்க?"

சீட்டு பள்ளிக்கூடத்திலேயே இருக்கட்டும் என்று அவர்களிடமே கொடுத்துவிட்டு வந்தேன்.

செப்டம்பர் 12

மெஸ் ஓனர் தேவநாதன் அண்ணன் நேற்று வராததற்குக் கத்தினார். வாங்கிக்கொண்டேன்.

மாமா, நீ இருந்தப்போ மட்டும் இவ எப்படி மாமா மார்க் வாங்கினா? சாயங்காலம் நான் இங்கே சப்பாத்தி தேய்ச்சிக்கினு இருக்கும்போது நீயும் அவளும் போனும் கையுமா உக்காந்துக்கினு இருப்பீங்களே. படம் பாக்கறீங்கன்னு எத்தனை தடவை கத்தியிருப்பேன். சிரிப்பியே ஒழிய ஒண்ணும் சொன்னதில்ல.

அக்டோபர் 8, புதன்

காலாண்டு மார்க். ஒரு பாடமும் பாஸ் இல்லை.

எச்.எம். கிருஷ்ணவேணி அம்மா ரூமில் உட்காரவைத்துப் பேசினார்கள். உட்காரவைத்தாலே தெரிந்துவிடுகிறது.

"தப்பா எடுத்துக்காதீங்க. பொண்ணு மனசு சரியில்லாத நேரத்துல பப்ளிக் எழுதி ஃபெயிலானா இன்னும் ஒடஞ்சுடும். டிசி வாங்கிக்கிட்டு ஒரு வருஷம் வீட்ல வெச்சிருந்து பிரைவேட்டா எழுத வைங்க."

"வீட்ல வெச்சா அப்புறம் அவ எங்கம்மா எழுதப் போறா? நானும் அஞ்சாவதுல ஒரு வருஷம்னுதான் நின்னேன்."

"ரிசல்ட் கொறஞ்சா மேலேர்ந்து என்னதான் நிக்க வெச்சுக் கேப்பாங்க. உங்களுக்கு ஒரு புள்ள. எனக்கு மொத்த ஸ்கூலு."

அதுவும் பொய் இல்லை. ஆனால் என் வயிறு எரிந்தது. துக்கம் துக்கம் துக்கம். துக்கமாக இருப்பது நான். நான் தினம் மாவு அரைக்கவில்லையா? சட்னி சரியாக வரவில்லையா? துக்கத்தில் எழுத்து மறந்துபோகுமா?

வீட்டுக்கு வந்து வாணியிடம் டிசி விஷயத்தைச் சொன்னேன். தட்டைத் தள்ளிவிட்டு எழுந்தாள்.

"பெட்டியத் தொற."

"எதுக்கு?"

"அப்பா போனு எடு. அதுலதான் என் பாடம் இருக்குது."

எனக்குப் புரியவில்லை. பிறகு சொன்னாள். விட்டு விட்டு, சுவரைப் பார்த்துக்கொண்டு. ஆறாவதிலிருந்து ஒவ்வொரு பாடத்தையும் அவர் படித்துப் போனில் பிடித்து வைப்பாராம். இவள் அதைக் கேட்டுக் கேட்டு மனசில் ஏற்றிக்கொண்டு போய் எழுதுவாளாம். தை மாதத்தில் அவர் போனார். போனை நாங்கள் துண்டில் கட்டிப் பூட்டிவிட்டோம். அன்றைக்கே இவள் படிப்பும் உள்ளே போய்விட்டது.

"ஏன்டி வாயத் தொறந்து கேக்கல?"

"தொட்டா அப்பாவுக்கு ஆவாதுன்னு அத்தை சொன்னாங்க. அப்பாவுக்கு ஆவாதத நான் எப்படிமா கேப்பேன்?"

அக்டோபர் 9

தை மாதம் வண்டி ஓனர் அவர் சாமானைக் கொடுத்தபோது சீட்டுக்கு அடியில் பழைய பாடப் புத்தகம் கட்டுக் கட்டாக இருந்தது. பழைய பேப்பர் கடைக்குப் போட வாங்கி வைத்தது என்றுதான் நினைத்தேன்.

அக்டோபர் 11, சனி

அம்மணி அண்ணிக்குப் போன் பண்ணிக் கேட்டேன். கேட்டிருக்கவே கூடாது.

"ஏ காந்தி, எந்தம்பி சாம்பல் ஆறல, அதுக்குள்ள அவன் போன நோண்டணுமா உனுக்கு? அதுல இன்னா புதையலா வெச்சிருக்கான்?"

"பாடம் அண்ணி. வாணியோட பாடம்."

"பாடம் பள்ளிக்கூடத்துல இருக்கும். போனுல எங்க இருக்கும்? தை வரைக்கும் பொறுக்க முடியாதா? அந்தப் பொண்ணுக்கு ஒண்ணு கெடக்க ஒண்ணு ஆச்சுன்னா நீதான் பதில் சொல்லணும், ஆமா."

எனக்கும் பயம் இல்லாமல் இல்லை. இருக்கிறது இவள் ஒருத்தி.

அக்டோபர் 12, ஞாயிறு

பெட்டியைத் திறந்துவிட்டேன்.

காலையிலேயே தலைக்கு ஊற்றிக்கொண்டு, விளக்கேற்றி, தப்பென்றால் என்னைப் பிடித்துக்கொள், பிள்ளையை விட்டுவிடு என்று சொல்லிவிட்டுத்தான் திறந்தேன். துண்டில் டீசல் வாசனை அப்படியே இருக்கிறது. போனை மட்டும் உருவி எடுத்துக்கொண்டு பெட்டியை மூடிவிட்டேன். சார்ஜ் ஏறவே ரொம்ப நேரம் ஆனது.

வாணி போட்டாள். முதலில் ஹாரன் சத்தம். யாரோ மூட்டை எறக்குடா என்று கத்துகிறார்கள். அப்புறம் அவர்.

"ஆறாம் வகுப்பு. சமூக அறிவியல். ம்ம்... ஒரு நிமிசம் கண்ணு. யோவ், அந்தப் பக்கம் கட்டு போடு, சரியுது பாரு. ஆங். முதல் பாடம்."

நான் வெளியே ஓடிவிட்டேன். குழாயடியில் நின்றேன். குழாயைத் திறந்துவிட்டும் கேட்கிறது. மார்க்கெட்டில் லோடுக்குக் காத்திருக்கிற நேரமெல்லாம் இந்த மனுஷன் வண்டியில் உட்கார்ந்து புத்தகம் படித்திருக்கிறார். ஒவ்வொரு பக்கம் முடியும்போதும் 'திருப்பு' என்கிறார். புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு கேட்கிற பிள்ளைக்கு எங்கே இருக்கிறோம் என்று தெரியவேண்டுமே.

மத்தியானத்துக்கு மேல் மனசைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்தேன். ஒன்றில் வாணியின் குரலும் இருந்தது. சின்னக் குரல், எலி மாதிரி.

"ப்பா, எழுத்து ஒண்ணு மேல ஒண்ணு ஏறுதுப்பா."

"ஏறட்டும். ஓவர் லோடா? எறக்கிடலாம். நீ கண்ண மூடிக்கோ, நான் எறக்கித் தர்றேன்."

"அம்மாகிட்ட சொல்லட்டா?"

"வேணாம். அம்மா பயந்துடும். நாம சரி பண்ணிட்டு சொல்லுவோம்."

சரி பண்ணிவிட்டுச் சொல்வாராம்! யோவ், உனக்கென்ன நூறு வயசா எழுதிக் கொடுத்திருந்தது? என்கிட்ட ஒரு வார்த்தை சொன்னா இன்னா? நான் ஸ்கூலவிட்டு நிறுத்திடுவேன்னு நெனச்சியா? நெனச்சிருப்ப. இல்லன்னு நான் எப்படி சொல்றது.

அழவில்லை. கோபம்தான் வந்தது. இத்தனை மாதத்தில் இன்றைக்குத்தான் அவர்மேல் நல்லாக் கோபப்பட்டேன்.

அக்டோபர் 13, திங்கள்

ஆரோக்கியசெல்வி டீச்சரிடம் போட்டுக் காட்டினேன். ஸ்கூட்டியை ஸ்டாண்டு போடாமலே கேட்டார்கள், வண்டி சாயப் பார்த்தது. "அக்கா, இந்தத் தேதியப் பாருங்க. நாலு வருசத்துக்கு முன்னாடி! அப்பா உயிரோட இருக்கும்போதே புள்ளைக்கு இது இருந்திருக்குது. துக்கம் இல்லன்னு காட்ட இதவிட என்ன வேணும்?"

அந்த டாக்டரம்மா வியாழக்கிழமைதான் பார்ப்பார்களாம். டீச்சர் தன் பங்குக்கு எல்லாம் எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்கள்.

அக்டோபர் 20

தீபாவளி. எங்களுக்கு இல்லை. பக்கத்து வீட்டில் முறுக்கு கொடுத்தார்கள். வாணி எட்டாவது சயின்ஸ் கேட்டுக்கொண்டே தின்றாள்.

அக்டோபர் 23, வியாழன்

விழுப்புரம். மழை. டாக்டரம்மா லீவு.

அக்டோபர் 30, வியாழன்

விழுப்புரம். டாக்டரம்மா இருந்தார்கள். பழைய சீட்டு இல்லாமல் உள்ளே விட முடியாது என்று வாசலில் இருந்த ஆள். சீட்டு பள்ளிக்கூடத்தில் இருக்கிறது. பள்ளிக்கூடத்துக்குப் போன் போட்டால் எச்.எம். மீட்டிங். "முன்னாடியே கேட்டுக்கினு வர்றதில்லையா?" என்றான். யாரைக் கேட்பது? எது வேண்டும் என்று யார் சொன்னார்கள்? ஒன்றை எடுத்துக்கொண்டு போனால் இல்லாத இன்னொன்றைத்தான் கேட்கிறார்கள்.

வாணி பஸ்ஸில், "வுட்டுடும்மா. நான் மெஸ்ஸுக்கே வந்துடுறேன்" என்றாள். ஓங்கி ஒன்று வைத்திருப்பேன். கையில் பை இருந்தது.

நவம்பர் 6

சீட்டு கிடைத்தது. பஸ் கிடைத்தது. டாக்டரம்மா மீட்டிங்.

நவம்பர் 13, வியாழன்

இன்றைக்குப் பார்த்துவிட்டேன்.

டாக்டரம்மா சீட்டைப் புரட்டிவிட்டு, "மூணு மாசம் ஆகலியேம்மா?" என்றார்கள். பின்னாலேயே நர்ஸ், "அடுத்தவங்க வாங்க" என்று கூப்பிட்டுவிட்டாள். நான் எழுந்திருக்கவில்லை.

"டாக்டரம்மா, அன்னிக்கு நான் சொன்னது தப்பு. துக்கம் எனக்கு. இவளுக்கும் இருக்குது, ஆனா அது வேற, இது வேற. இத ஒரே ஒரு தடவ கேளுங்க, அப்புறம் வெளிய தள்ளுங்க."

போனை மேஜைமேல் வைத்துப் போட்டேன். அந்த ரூம் முழுக்க அவர் குரல். ஹாரன், லோடுமேன், மூட்டை எல்லாம். நர்ஸ் கதவைப் பிடித்தபடியே நின்றாள். வெளியே வரிசையில் இருந்தவர்களும் எட்டிப் பார்த்தார்கள். முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். 'எழுத்து ஒண்ணு மேல ஒண்ணு ஏறுதுப்பா' என்று வந்ததும் டாக்டரம்மா போனைக் கையில் எடுத்துத் தேதியைப் பார்த்தார்கள். மறுபடி முதலிலிருந்து போட்டார்கள்.

"யாரும்மா இது?"

"எங்க அப்பா" என்றாள் வாணி. அழவில்லை. "குட்டியானை ஓட்டுவாரு."

அதன் பிறகு ஒழுங்காக டெஸ்ட் எடுத்தார்கள். படம், எண், எழுத்து, கதை என்று சாயங்காலம் வரைக்கும். எழுதி முடித்துவிட்டு, "நான் கேட்டதுக்கு நீங்க சொன்ன பதிலத்தான்மா அன்னிக்கு எழுதினேன்" என்றார்கள்.

சரிதான். ஆனால் ஒரே ஒரு கேள்விதானே கேட்டீர்கள். இதை அங்கே சொல்லவில்லை. காகிதம் முதலில் கையில் வரட்டும்.

நவம்பர் 19

காகிதத்தை எச்.எம். அம்மாவிடம் கொடுத்தேன். இரண்டு தடவை படித்தார்கள். டிசி பேச்சை எடுக்கவில்லை. பேர் அனுப்புகிறேன் என்றார்கள். கெடுவுக்குள் போகுமா என்று கேட்டேன். "போவும்மா, போவும்" என்று சலித்துக்கொண்டார்கள். போய்ச் சேருகிற வரைக்கும் நம்ப மாட்டேன்.

வெளியே வராந்தாவில் சீனுவாசன் சார் ஆரோக்கியசெல்வி டீச்சரை ஓரமாகக் கூப்பிட்டு, "எட்டாவதுல ரெண்டு பசங்க இருக்கானுங்க டீச்சர். சோம்பேறின்னு வெளிய நிக்க வெச்சுக்கினு இருக்கேன். கொஞ்சம் பாருங்களேன்" என்று சொல்லிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் பேச்சை நிறுத்திக்கொண்டார். டீச்சர் வண்டியில் இன்னொரு பை ஏறும் போலிருக்கிறது.

டிசம்பர் 7, ஞாயிறு

அவர் பிடித்து வைத்தது ஒன்பதாவது பாதி வரைக்கும்தான். பத்தாவதுக்கு யார் படிப்பது? சீனுவாசன் சார் இங்கிலீஷை மட்டும் போனில் படித்துப் பதிந்து அனுப்புகிறார், அதுவும் பாதி. டைம் இல்லம்மா என்கிறார். மீதி எல்லாம் நான்தான்.

மெஸ்ஸில் மத்தியானச் சாப்பாடு முடிந்த பிறகு அரிசி மூட்டைக்கு நடுவில் உட்கார்ந்து படிக்கிறேன். சயின்ஸில் ஒவ்வொரு வார்த்தையும் ஒரு முழம். கல் பொறுக்குவதுபோல ஒவ்வொரு எழுத்தாகப் பொறுக்கி, மூச்சுப் பிடித்து, மறுபடி முதலிலிருந்து. தேவநாதன் அண்ணன் எட்டிப் பார்த்து, "காந்திமதி, கலெக்டர் பரீட்சையா?" என்றார். "ஆமாண்ணே, பாஸானதும் மொத வேலையா உங்க மெஸ்ஸ சீல் வெக்கறேன்" என்றேன். அதுவும் போனில் பதிந்துபோச்சு.

வாணி கேட்டுவிட்டு விழுந்து விழுந்து சிரித்தாள். "அப்பாதான் ஸ்பீடு. நீ ரொம்ப நிறுத்துற. ஆனா நல்லாதான் இருக்குது. அடுத்து இன்னா வரும்னு நானே யோசிச்சு வெச்சிடறேன்."

இந்த சயின்ஸ் வார்த்தையெல்லாம் கண்டுபிடித்தவன் என் கையில் கிடைக்க வேண்டும்.

ஜனவரி 18, ஞாயிறு

டைரியில் டிசம்பர் தீர்ந்துவிட்டது. முன்னால் வெள்ளையாகக் கிடந்த ஜனவரிப் பக்கத்திலேயே எழுதுகிறேன். கிழமை மட்டும் ஒத்துவரவில்லை, அடித்துப் போட்டுக்கொண்டேன்.

அவருக்குத் திதி கொடுத்தோம். அம்மணி அண்ணி வந்திருந்தார்கள். பெட்டியைத் திறந்து சாமானைப் படையலுக்கு முன்னால் வைக்கும்போது போன் துண்டில் இல்லை, ஜன்னல் ஓரம் சார்ஜில் இருந்தது. பார்த்துவிட்டார்கள்.

"எடுத்துட்டியா? நான் அவ்ளோ சொல்லியும் எடுத்துட்டியா? எந்தம்பி நெனப்பு உனுக்கு அவ்ளோதான், இல்ல?"

சொந்தக்காரர்கள் எல்லோரும் என்னையே பார்த்தார்கள். அதற்குள் வாணி போய்ப் போட்டுவிட்டாள். எதையோ போட்டாள். ஏழாவது சயின்ஸ்.

"...உணவு வாயில் மெல்லப்படுகிறது. பிறகு உணவுக்குழாய் வழியாக... டேய், டீ எனக்கு சக்கர கம்மி... வழியாக இரைப்பையைச் சென்றடைகிறது."

அண்ணி அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார்கள். குடல், கல்லீரல் என்று அவர் படித்துக்கொண்டே போகிறார், அண்ணி தலையை ஆட்டி ஆட்டி அழுதுகொண்டே கேட்கிறார்கள். பாடம் முடிந்துவிட்டது.

"இன்னொண்ணு போடுடி" என்றார்கள்.

"அது கணக்கு அத்தை."

"என்னவோ ஒண்ணு. போடு."

சாப்பிட எல்லோருக்கும் நேரமாகிவிட்டது. சாம்பார் ஆறிப்போச்சு.

பிப்ரவரி 24

ஹால் டிக்கெட் வந்துவிட்டது. எழுதுகிற ஆள் பற்றி அதில் ஒன்றும் இல்லை. கேட்டால் ஆர்டர் தனியாக வரும் என்கிறார்கள்.

மார்ச் 4

ஆர்டர் வரவில்லை. எச்.எம். அம்மா நான் வருவதைப் பார்த்ததும் எழுந்து அந்தப் பக்கம் போகிறார்கள்.

மார்ச் 9, திங்கள்

வந்தது. பேரில் ஓர் எழுத்து தப்பு. ஆள் இவள்தான் என்று எச்.எம். அம்மா தானே எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்கள். நான் கேட்காமலே.

மார்ச் 11, புதன்

முதல் பரீட்சை, தமிழ். மெஸ்ஸுக்கு லீவு சொல்லிவிட்டேன்.

வாணியைத் தனி ரூமில் உட்காரவைத்தார்கள். கேட்டுக்கு வெளியே வேப்ப மரத்தடியில் நின்றேன். ஒன்றும் கேட்கவில்லை, ஒன்றும் தெரியவில்லை. மற்றப் பிள்ளைகள் எல்லாம் வெளியே வந்து, கேள்வித்தாளைப் பார்த்துப் பார்த்து அடித்துக்கொண்டு, கலைந்தும் போய்விட்டார்கள். இவள் வரவில்லை. கூடுதல் நேரம் என்று தெரியும். தெரிந்தும் கேட்டை எட்டி எட்டிப் பார்த்தேன்.

கடைசியில் எழுதிக் கொடுத்த சார்தான் முதலில் வந்தார். வேறு ஊர்ப் பள்ளிக்கூடத்து வாத்தியார். விரலை உதறிக்கொண்டே வந்தார்.

"நீங்கதான் அந்தப் பொண்ணோட அம்மாவா? கை ஒடஞ்சுபோச்சும்மா எனக்கு. கேள்விய ஒரு தடவ படிச்சா போதும், நிறுத்தவே மாட்டேங்குது. அதுல, ஒவ்வொரு பக்கம் முடியறப்பவும் 'திருப்புங்க சார், திருப்புங்க சார்'னு எனக்கே வாத்தியாரா நிக்குது!"

சிரித்துக்கொண்டே பஸ்ஸுக்குப் போய்விட்டார். நல்லா எழுதினாளா என்று கேட்கத் தோன்றவில்லை எனக்கு.

பஸ் ஸ்டாண்டில் வாணிக்கு ஒரு வடை வாங்கிக் கொடுத்தேன்.

"சார இப்படியாடி வெரட்டுவ? திருப்பு திருப்புன்னு."

"பழக்கம். நீ அப்படித்தானே படிப்ப."

"நான் எங்கடி? அது அப்பா."

"நீயுந்தாம்மா."

நான் சொன்னதே இல்லை என்று சண்டை போட்டேன். வீட்டுக்கு வந்ததும் டிசம்பரில் நான் படித்ததைப் போட்டுக் கேட்டேன். மாவு மிஷின் சத்தம், தேவநாதன் அண்ணன் கிண்டல், என் தடவல் எல்லாம் இருக்கிறது. ஒவ்வொரு பக்கத்துக்கும் சொல்லியிருக்கிறேன்.